காவல்காரன் கணக்கு

(காரியாபட்டி வட்டார அரசியல் வகுப்பில் ஆற்றிய உரை)



சென்ற மாத வகுப்பில் சோவியத் யூனியனின் ஐந்தாண்டுத் திட்டங்களைப் பற்றிப் பேசினோம். வகுப்பு முடிந்ததும் நூற்பு மில் தோழர் ஒருவர் நம்மிடம் வந்து, "எதிர்ச் சங்கத்துக்காரர் ஷிப்டு மாறும்போது கேட்கிறார் அண்ணே. 'உங்க ஆளுக உங்க ஆளுகளையே ஆயிரக்கணக்கில சுட்டுக் கொன்னாகளாமே, மெய்யா பொய்யா?' என்கிறார். என்ன பதில் சொல்றது?" என்று கேட்டார்.

மெய் என்றே சொல்லுங்கள். ஆயிரக்கணக்கில் அல்ல, லட்சக்கணக்கில் என்றும் சேர்த்துச் சொல்லுங்கள். 1956 பிப்ரவரி 25-ந் தேதி, சோவியத் கட்சியின் இருபதாவது மாநாட்டில், கட்சியின் முதல் காரியதரிசியான குருஷேவே எழுந்து இதைச் சொன்னார். 1934-ல் நடந்த பதினேழாவது மாநாடு தேர்ந்தெடுத்த மத்தியக் கமிட்டியில் அங்கத்தினர்களும் மாற்று அங்கத்தினர்களுமாக 139 பேர். அதில் 98 பேர் கைது செய்யப்பட்டுச் சுடப்பட்டார்கள் என்று அவர் கணக்குக் கொடுத்தார். பிற்காலத்தில் ஆவணக் கிடங்குகள் திறந்தபோது இன்னும் பெரிய கணக்கு வெளிவந்தது. 1937, 1938 ஆகிய இரண்டே வருஷங்களில் அரசியல் குற்றம் சாட்டி மரண தண்டனை விதிக்கப்பட்டவர்கள் 6,81,692 பேர். முதலாளிப் பத்திரிகை எழுதிய கணக்கு அல்ல இது. சோவியத் காவல் இலாகாவின் சொந்தப் பேரேட்டில் உள்ள எண்.

இதை மறைப்பதால் நமக்கு ஒரு லாபமும் இல்லை. ஆனால் "மெய்" என்று சொல்லிவிட்டு வாயை மூடிக்கொண்டாலும் போதாது. எப்படி நடந்தது, எந்தக் கதவு வழியாக அந்த நாசம் உள்ளே புகுந்தது என்பது நமக்குத் தெரிய வேண்டும். அதற்காக இன்று ஒரே ஒரு மனிதரின் கதையை எடுத்துக்கொள்வோம். அவர் பெயர் நிக்கோலாய் யெஷோவ். அந்த இரண்டு வருஷங்களில் சோவியத் நாட்டின் காவல் இலாகா அவர் கையில்தான் இருந்தது.

நம் வர்க்கத்துப் பிள்ளை

யெஷோவ் ஜமீன்தார் வீட்டுப் பிள்ளை அல்ல. மாறுவேடத்தில் கட்சிக்குள் நுழைந்த முதலாளியும் அல்ல. 1895-ல் ஏழைக் குடும்பத்தில் பிறந்தவர். ஆரம்பப் பள்ளியோடு படிப்பு நின்றது. சிறு வயதிலேயே தையல்காரர் ஒருவரிடம் வேலை பழகப் போனார். பிறகு பெட்ரோகிராடு நகரில் பூட்டிலோவ் இரும்பு ஆலையில் கைவேலை. அங்கே கூட வேலை செய்தவர்கள் அவருக்குப் 'புத்தகக்காரன்' என்று பட்டப்பெயர் வைத்திருந்தார்களாம், அவ்வளவு படிப்பு ஆசை. ஆள் மிகவும் குள்ளம், ஐந்தடிக்குச் சற்றுக் குறைவு. முதல் உலக யுத்தத்தில் சிப்பாயாகப் போனார். 1917-ல் போல்ஷ்விக் கட்சியில் சேர்ந்தார். உள்நாட்டு யுத்தத்தில் செஞ்சேனையில் அரசியல் கமிஸார். பிறகு மாரி பிரதேசத்திலும் கஜக் பகுதியிலும் கட்சிக் காரியதரிசி. 1927-ல் மாஸ்கோவில் மத்தியக் கமிட்டி அலுவலகத்துக்கு வந்தார்.

இந்த வரலாற்றைப் பார்த்தால் எந்தக் கிளையும் அவரைக் கண்ணை மூடிக்கொண்டு தேர்ந்தெடுக்கும். நாமும் தேர்ந்தெடுத்திருப்போம். தொழிலாளி, சிப்பாய், 1917-ம் வருஷத்துக் கட்சி அங்கத்தினர், அடக்கமானவர், சொன்ன வேலையை முடிப்பவர். அந்த நாளில் அவரோடு பழகியவர்கள் பலரும் அவரை மரியாதையான, சாதுவான மனிதர் என்றே பிற்காலத்திலும் எழுதினார்கள். ஆகவே தோழர்களே, "நம்ம ஆள்தானே, தப்புப் பண்ணமாட்டான்" என்ற பேச்சை இந்த வகுப்போடு விட்டுவிட வேண்டும்.

மாஸ்கோவில் அவரைக் கைதூக்கிவிட்டவர் இவான் மாஸ்க்வின் என்ற பழைய போல்ஷ்விக். மத்தியக் கமிட்டியில் ஊழியர்களைப் பொறுப்புகளுக்குப் பிரித்து அனுப்பும் இலாகாவுக்குத் தலைவர். யெஷோவ் அவர் வீட்டில் சாப்பிட்ட பிள்ளை. மாஸ்க்வின் வீட்டு மருமகன் லெவ் ராஸ்கோன் என்பவர் பிற்காலத்தில் எழுதிய நினைவுக் குறிப்புகளில் ஒரு செய்தி இருக்கிறது. யெஷோவிடம் ஒரு வேலையை ஒப்படைத்தால் திரும்பிப் போய்ச் சரிபார்க்க வேண்டிய அவசியமே இல்லை, ஆனால் ஒரே ஒரு குறை, எந்த இடத்தில் நிறுத்த வேண்டும் என்பது மட்டும் அவருக்குத் தெரியாது என்று மாஸ்க்வின் சொல்வாராம். அந்த மாஸ்க்வினும் 1937-ல், யெஷோவ் பதவியில் இருக்கும்போதே, கைதாகிச் சுடப்பட்டார். ராஸ்கோன் பதினேழு வருஷம் சிறைமுகாம்களில் கிடந்தார்.

பத்து நாள் சட்டம்

1934 டிசம்பர் 1-ந் தேதி லெனின்கிராடில் கட்சித் தலைவர் கிரோவ் சுட்டுக் கொல்லப்பட்டார். உண்மையிலேயே பெரிய இழப்பு. எதிரிகள் நாற்புறமும் இருந்த காலம், ஜெர்மனியில் இட்லர் ஏறி இரண்டு வருஷம்கூட ஆகவில்லை. ஜனங்களிடம் கோபமும் பயமும் இருந்தது. அந்தக் கோபத்தின் மேல் நின்றுகொண்டு அன்றைய தினமே ஒரு சட்டம் போட்டார்கள். பயங்கரவாதக் குற்றம் என்று சொல்லப்படும் எந்த வழக்கிலும் விசாரணை பத்து நாளைக்கு மேல் போகக்கூடாது. குற்றப் பத்திரிகையைக் கைதிக்கு ஒருநாள் முன்னால் கொடுத்தால் போதும். வக்கீல் வேண்டாம். அப்பீல் கிடையாது, கருணை மனுவும் கிடையாது. தீர்ப்புச் சொன்ன கையோடு தண்டனை.

மில் தோழர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ஒரு நாள் லீவு எடுத்தவனுக்குக்கூட நிர்வாகம் சார்ஜ் ஷீட் கொடுக்க வேண்டும், பதில் சொல்ல அவகாசம் கொடுக்க வேண்டும், விசாரணையில் கூடத் துணைக்கு ஆள் வைத்துக்கொள்ள விட வேண்டும், பிறகு தொழிலாளர் கோர்ட்டுக்குப் போக வழி இருக்க வேண்டும் என்று நாம் போராடுகிறோம். வேலை போகிற விஷயத்துக்கே இவ்வளவு. அங்கே போனது உயிர்.

கிரோவ் கொலை விசாரணையை மேற்பார்க்க ஸ்டாலின் அனுப்பிய ஆள் யெஷோவ். 1935-ல் அவர் மத்தியக் கமிட்டிக் காரியதரிசி ஆனார். அதே மாதம் கட்சிக் கட்டுப்பாட்டுக் கமிஷனுக்கும் தலைவர் ஆனார். 1936 செப்டம்பர் 26-ந் தேதி யாகோதாவை நீக்கிவிட்டு அவரையே உள்நாட்டு விவகார மக்கள் கமிஸார் ஆக்கினார்கள். ரகசியப் போலீஸ், சிறைச்சாலை, முகாம், எல்லைக் காவல் எல்லாம் அந்த இலாகாவில் அடக்கம்.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்போம். இதுதான் கதையின் முடிச்சு என்பது நம் அபிப்பிராயம்.

கட்டுப்பாட்டுக் கமிஷன் எதற்கு இருக்கிறது? கட்சி அங்கத்தினருக்கு அநியாயம் நடந்தால் முறையிடுவதற்கு. காவல் இலாகா ஒரு தோழரைத் தவறாகப் பிடித்தால் அவர் எங்கே போவார்? கட்டுப்பாட்டுக் கமிஷனுக்குப் போவார். அதன் தலைவர் யார்? யெஷோவ். சரி, ஊழியர் விவகாரம் பார்க்கும் மத்தியக் கமிட்டிக் காரியதரிசியிடம் போகலாம் என்றால் அங்கேயும் யெஷோவ். பிடித்தவரும் அவரே, விசாரித்தவரும் அவரே, முறையீடு கேட்பவரும் அவரே. மேஸ்திரி புகார் எழுதி, அதே மேஸ்திரி விசாரணை அதிகாரியாக உட்கார்ந்து, அதே மேஸ்திரி தொழிலாளர் கோர்ட்டில் ஜட்ஜாகவும் வந்து உட்கார்ந்தால் எப்படி இருக்கும்?

நம் வானம் பார்த்த சீமையில் பழைய காவல் முறையைப் பெரியவர்கள் சொல்லக் கேட்டிருப்பீர்கள். அறுவடையானால் களத்திலேயே காவல்காரருக்குத் தானியம் அளப்பார்கள். மாடு களவு போனால் அவர் துப்புப் பார்த்து மீட்டுத் தர வேண்டும், முடியாவிட்டால் நஷ்டத்தை ஈடு கட்ட வேண்டும். களத்து மேட்டில் ஊரே கூடியிருக்கும்போது கணக்குப் பார்ப்பார்கள். அந்தக் கணக்குக் கேட்பது நின்றுபோன ஊர்களில் என்ன நடந்தது? துப்புக்கூலி வந்தது. மாட்டை ஓட்டிப் போனவனுக்கே பணம் கொடுத்து மாட்டை மீட்க வேண்டிய நிலை வந்தது. அந்தக் காவல் முறையின் சாதிக் கொடுமைகளை நாம் புகழவில்லை. கணக்குக் கேட்டவரையில் அது ஒழுங்காக நடந்தது என்பதை மட்டும் சொல்கிறோம்.

லெனின் காலத்தில் இந்தக் கவலை இருந்தது. 1917 டிசம்பர் 20-ந் தேதி ஜெர்ஷின்ஸ்கி தலைமையில் 'செகா' என்ற காவல் ஸ்தாபனம் அமைந்தது. உள்நாட்டு யுத்தத்தில் அது கோர்ட்டுக்குப் போகாமலேயே பலரைச் சுட்டது, அதையும் மறைக்க வேண்டியதில்லை. ஆனால் யுத்தம் ஓய்ந்ததும், 1921 டிசம்பரில், லெனின் முன்னின்று ஒன்பதாவது சோவியத் காங்கிரசில் செகாவின் அதிகாரத்தைக் குறைக்கத் தீர்மானம் கொண்டுவந்தார். அடுத்த பிப்ரவரியில் செகா கலைக்கப்பட்டது. புதிய இலாகா வந்தது. கட்டிய கடிவாளம் போதவில்லை என்பது பின்னால் தெரிந்தது. ஆனாலும் கடிவாளம் வேண்டும் என்று அன்றைக்கு நினைத்தார்கள்.

ஆளுக்குக் கோட்டா

1937 ஜூலை 30-ந் தேதி யெஷோவ் கையெழுத்திட்ட உத்தரவு ஒன்று இருக்கிறது. எண் 00447. பொலிட் பீரோ மறுநாள் அதை அங்கீகரித்தது. பழைய குலாக்குகள், கிரிமினல்கள், மற்ற சோவியத் விரோதிகள் ஆகியோரைக் களையெடுப்பது நோக்கம் என்று தலைப்பு. உள்ளே என்ன இருந்தது? ஜில்லாவாரியாக எண்ணிக்கை. முதல் ரகம், சுட வேண்டியவர்கள். இரண்டாம் ரகம், எட்டு முதல் பத்து வருஷம் முகாமுக்கு அனுப்ப வேண்டியவர்கள். நாடு முழுவதற்கும் முதலில் நிர்ணயித்தது 2,68,950 பேர். அதில் சுட வேண்டியவர்கள் 75,950 பேர்.

குற்றவாளி யார் என்று தெரிவதற்கு முன்பே குற்றவாளிகளின் தொகை தெரிந்துவிட்டது! ஒரு பிரேமுக்கு இத்தனை கிலோ நூல் இறங்க வேண்டும் என்று நிர்வாகம் டார்கெட் போடுகிறதல்லவா, அதைப் போல மனிதனுக்கு டார்கெட். டார்கெட் வந்தால் அடுத்து என்ன வரும் என்பதும் உங்களுக்குத் தெரியும். தாண்டிக் காட்டுபவனுக்கு மெடல். ஜில்லா அதிகாரிகள் "எங்கள் கோட்டா தீர்ந்துவிட்டது, கூட்டிக் கொடுங்கள்" என்று மாஸ்கோவுக்குத் தந்தி அடித்தார்கள். மாஸ்கோ கூட்டிக் கொடுத்தது. நான்கு மாதத்தில் முடியவேண்டிய வேலை பதினைந்து மாதம் நடந்தது. 75,950 என்று ஆரம்பித்த எண் இந்த ஒரு உத்தரவிலேயே மூன்றரை லட்சத்தைத் தாண்டியது.

தீர்ப்புச் சொல்ல ஜில்லாவுக்கு ஒரு மூவர் குழு. போலீஸ் தலைவர், கட்சிக் காரியதரிசி, சர்க்கார் வக்கீல். கைதியை அவர்கள் பார்ப்பதுகூட இல்லை. பட்டியலைப் பார்த்தார்கள். ஒரே இருப்பில் நூற்றுக்கணக்கான பெயர்கள். மாஸ்கோவுக்கு வெளியே புட்டோவோ என்ற இடத்தில் மட்டும் 1937 ஆகஸ்டிலிருந்து 1938 அக்டோபருக்குள் 20,000 பேருக்கு மேல் சுட்டுப் புதைக்கப்பட்டார்கள். இவர்களில் பெரும்பாலோர் மத்தியக் கமிட்டித் தலைவர்கள் அல்ல. பண்ணையில் வேலை செய்த விவசாயி, ரயில்வே தொழிலாளி, தச்சர், பாதிரியார், பள்ளிக்கூட வாத்தியார். பெரிய தலைவர்களின் கதையைத்தான் புத்தகங்கள் அதிகம் எழுதுகின்றன. செத்தவர்களில் அதிகம் பேர் உங்களைப் போன்றவர்கள்.

இன்னொரு வகைப் பட்டியலும் இருந்தது. பிறப்பை வைத்து. போலந்துக்காரர், ஜெர்மன்காரர், கொரியர் என்று. போலந்துக்காரர் பெயரில் நடந்த நடவடிக்கையில் மட்டும் ஒரு லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் சுடப்பட்டார்கள். பிறப்பால் குற்றவாளி என்பது என்ன என்று மதுரை, ராமநாதபுரம் சீமைக்காரர்களுக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டாம். வெள்ளைக்காரன் கைரேகைச் சட்டம் போட்டு, ஒரு சாதியில் பிறந்த ஆண்பிள்ளைகள் எல்லாரையும் பதிவேட்டில் ஏற்றி, ராத்திரியானால் காவல் கூடத்தில் வந்து படு என்றானே, அதை எதிர்த்து 1920 ஏப்ரல் 3-ந் தேதி பெருங்காமநல்லூரில் ஜனங்கள் குண்டடிபட்டுச் செத்தார்களே, 1947-ல் சென்னை மாகாணத்தில் அந்தச் சட்டம் ஒழியும்வரை கம்யூனிஸ்டுகளும் அதை எதிர்த்துக் குரல் கொடுத்தார்களே, அதே புத்தி நம் கொடியின் கீழேயும் வந்து உட்கார்ந்தது.

பட்டியலில் நம் நாட்டார்

வீரேந்திரநாத் சட்டோபாத்யாயா என்ற பெயரைக் கேட்டிருக்கிறீர்களா? 'சட்டோ' என்பார்கள். கவிக்குயில் சரோஜினி நாயுடுவின் தம்பி. ஹைதராபாத்தில் 1880-ல் பிறந்தவர். முதல் உலக யுத்த காலத்தில் பெர்லினில் இருந்துகொண்டு வெள்ளையனுக்கு எதிராகக் கமிட்டி நடத்தினார். நம் செண்பகராமன் பிள்ளை அவரோடு அந்தக் கமிட்டியில் வேலை செய்தவர். 1927-ல் பிரஸ்ஸல்ஸ் நகரில் ஏகாதிபத்திய எதிர்ப்புச் சங்கம் துவங்கியது. ஜவாஹர்லால் நேரு அந்த மாநாட்டுக்குப் போயிருந்தார். அந்தச் சங்கத்தின் காரியதரிசிகளில் ஒருவராக உழைத்தவர் சட்டோ. பிரிட்டிஷ் உளவாளிகள் ஐரோப்பா முழுவதும் அவரைத் துரத்தினார்கள். கடைசியில் அவர் தஞ்சம் புகுந்த இடம் சோவியத் நாடு. லெனின்கிராடில் விஞ்ஞானக் கழகத்தில் இந்திய ஜனங்களைப் பற்றிய ஆராய்ச்சியில் இருந்தார். 1937 ஜூலையில் கைது. செப்டம்பர் 2-ந் தேதி சுட்டார்கள். அந்நிய ஒற்றன் என்று குற்றச்சாட்டு. அவர் முடிவைப் பற்றிய சரியான தகவல் இந்தியாவுக்கு வர எத்தனையோ வருஷம் ஆயிற்று.

அபனி முகர்ஜி, 1920 அக்டோபரில் தாஷ்கண்டில் இந்தியக் கம்யூனிஸ்ட் கட்சி அமைந்தபோது கூட இருந்தவர். 1937 அக்டோபர் 28-ல் சுடப்பட்டார். வங்காளத்துக்காரரான குலாம் அம்பியா கான் லுஹானி 1938 செப்டம்பரில். பிரிட்டிஷ் போலீஸ் இருபது வருஷம் தேடியும் தூக்குமேடைக்குக் கொண்டுபோக முடியாத மனிதர் சட்டோ. அந்த வேலையை யெஷோவ் இரண்டே மாதத்தில் முடித்தார்.

நாம் இதை இவ்வளவு அழுத்திச் சொல்வதற்குக் காரணம் உண்டு. நம் தலைவர்கள் கோர்ட்டில் நின்ற வரலாறு நமக்கு உண்டு. மீரத் சதி வழக்கில் 1929 மார்ச்சில் பிடித்தார்கள், 1933 ஜனவரியில் தீர்ப்பு. ஏறக்குறைய நான்கு வருஷம் இழுத்தடித்ததே ஒரு கொடுமை. ஆனால் அந்த நான்கு வருஷமும் தோழர்கள் குற்றவாளிக் கூண்டை மேடையாக்கிக் கட்சியின் கொள்கையைப் பேசினார்கள். அப்பீல் செய்து தண்டனையைக் குறைத்தார்கள். 1950-ல் சேலம் சிறையில் 22 தோழர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்களே, அதே வருஷம் சென்னை ராஜ்யச் சிறையில் இருந்த ஏ.கே. கோபாலன் தடுப்புக் காவல் சட்டத்தை எதிர்த்து சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார். காவலில் வைத்த காரணத்தைக் கோர்ட்டில்கூட வெளியிடக்கூடாது என்று அந்தச் சட்டத்தில் 14-வது பிரிவு இருந்தது. கோபாலனுக்கு விடுதலை கிடைக்கவில்லை, ஆனால் அந்தப் பிரிவு மட்டும் செல்லாது என்று மே 19-ந் தேதி தீர்ப்பாயிற்று. காரணம் சொல், சாட்சியைக் காட்டு, அப்பீலுக்கு வழிவிடு என்று வெள்ளைக்கார சர்க்காரிடமும் காங்கிரஸ் சர்க்காரிடமும் நாம் கேட்டோம். யெஷோவின் கைதிக்கு இதில் ஒன்றுமே இல்லை. பாட்டாளி ராஜ்யத்தில் தொழிலாளிக்குக் கூடுதல் உரிமை இருக்க வேண்டும். பிரிட்டிஷ் ஜட்ஜு கொடுத்ததைவிடக் குறைவாக இருந்தால் அதை எந்தச் சமாதானம் சொல்லி நியாயப்படுத்துவது?

முடிவு

யெஷோவுக்கு 1937 ஜூலையில் லெனின் விருது கொடுத்தார்கள். அக்டோபரில் பொலிட் பீரோவில் மாற்று அங்கத்தினர். ஒரு நகரத்துக்கே அவர் பெயர் வைத்தார்கள். பத்திரிகைகளில் அவர் இரும்புக் கையுறை மாட்டிக்கொண்டு பாம்பை நெரிப்பது போலப் படம் வந்தது. 1938 ஆகஸ்டில் பெரியா அவருக்கு உதவி அதிகாரியாக வந்து சேர்ந்தார். நவம்பர் 17-ந் தேதி மூவர் குழுக்களைக் கலைத்துத் தீர்மானம் வந்தது. நடந்த அக்கிரமத்துக்கெல்லாம் காவல் இலாகாவுக்குள் புகுந்த எதிரிகள்தான் காரணம் என்று அதில் எழுதினார்கள். ஒரு வாரத்தில் யெஷோவ் ராஜினாமா. 1939 ஏப்ரல் 10-ந் தேதி கைது. 1940 பிப்ரவரி 3-ந் தேதி மூடிய அறையில் விசாரணை, மறுநாள் சுட்டார்கள். பத்திரிகையில் ஒரு வரிகூட வரவில்லை. மாஸ்கோ - வோல்கா கால்வாய்க் கரையில் ஸ்டாலினுக்குப் பக்கத்தில் அவர் நிற்கும் போட்டோவில் அவர் இருந்த இடத்தில் தண்ணீரை வரைந்துவிட்டார்கள்.

விசாரணையில் அவர் சொன்னது பதிவாகியிருக்கிறது. தான் ஒற்றன் அல்ல என்றார். முன்பு ஒப்புக்கொண்டது அடி தாங்காமல் சொன்னது என்றார். அதே மூச்சில், 14,000 காவல் ஊழியர்களைக் களையெடுத்ததாகவும், போதுமான அளவு களையெடுக்காததே தன் குற்றம் என்றும் சொன்னார். அடித்து வாங்கும் வாக்குமூலம் பொய் என்று தன் முதுகில் அடி விழுந்தபோது தெரிந்தது. மற்றவர்களுக்கு விழுந்ததும் அதே அடிதான் என்று கடைசிவரை அந்த மனிதருக்குப் படவில்லை.

அவருக்கு முன் இருந்த யாகோதா 1938 மார்ச்சில் சுடப்பட்டார். பின் வந்த பெரியா 1953 டிசம்பரில் சுடப்பட்டார். மூன்று காவல் தலைவர்கள், மூவருக்கும் ஒரே முடிவு. யெஷோவ் சாகும்போது அவர் மேல் சாட்டிய ஒற்றர் குற்றம் பொய். ஆனாலும் அவரை நிரபராதி என்று அறிவிக்க முடியாது என்று 1998-ல் ருஷ்ய சுப்ரீம் கோர்ட் மறுத்துவிட்டது. அது சரியான தீர்ப்பு.

தோழர்கள் கேட்கும் இரண்டு கேள்விகள்

"எல்லாம் யெஷோவ் செய்தது, ஸ்டாலினுக்குத் தெரியாது" என்று சில தோழர்கள் சொல்வதுண்டு. சொல்கிற மனசு நமக்குப் புரிகிறது. ஆனால் யெஷோவ் தயாரித்த 383 பெயர்ப் பட்டியல்கள் ஸ்டாலினின் ஒப்புதலுக்குப் போயின என்று இருபதாவது மாநாட்டிலேயே சொல்லப்பட்டது. அடித்து விசாரிக்க மத்தியக் கமிட்டி அனுமதி கொடுத்தது என்று 1939 ஜனவரியில் ஸ்டாலின் அனுப்பிய தந்தியும் அங்கே வாசிக்கப்பட்டது. கை யெஷோவுடையது. உத்தரவு மேலிருந்து வந்தது.

இன்னொன்று, "அப்படிக் களையெடுத்ததால்தான் இட்லரை ஜெயிக்க முடிந்தது" என்பது. இதை நாம் அடியோடு மறுக்கிறோம். 1937 ஜூனில் மார்ஷல் துகாச்செவ்ஸ்கியைச் சுட்டார்கள். ஐந்து மார்ஷல்களில் மூவர் போனார்கள். ராணுவ உளவுத் துறைக்குத் தலைவராக இருந்த பெர்சினை 1938-ல் சுட்டார்கள். அவர் டோக்கியோவுக்கு அனுப்பிய தோழர்தான் ரிச்சர்டு சோர்கே. இட்லர் படையெடுக்கப் போகிறான் என்று 1941-ல் சோர்கே எச்சரித்தார். ஒற்றன் என்று சுடப்பட்டவர் அனுப்பிய ஆளின் பேச்சை மாஸ்கோவில் நம்புவார்களா? நம்பவில்லை. ஜெயித்தது சோவியத் ஜனங்கள். இரண்டரைக் கோடிப் பேருக்கு மேல் உயிரைக் கொடுத்து ஜெயித்தார்கள். அந்தப் புகழில் யெஷோவுக்குப் பங்கு கிடையாது.

அப்படியானால் காவலே வேண்டாமா என்றால், வேண்டும். ஒற்றர்கள் இல்லாத காலம் நம் கட்சிக்கு இருந்ததே இல்லை. தலைமறைவு நாட்களில் தபால் கொண்டுபோன தோழர்களும், கம்பங்காட்டுக் குடிசையில் தலைவர்களுக்கு இடம் கொடுத்த தாய்மார்களும் வாயைக் கட்டிக்கொண்டு இருந்ததால்தான் கட்சி பிழைத்தது.

நம் கிளைகளில்

நம்மிடம் துப்பாக்கி இல்லை, சிறை இல்லை. ஆனால் ஒரு வார்த்தை இருக்கிறது, 'நிர்வாகத்து ஆள்'. இந்த வார்த்தையை ஒருவர் முதுகில் ஒட்டிவிட்டால் அவருடைய பிழைப்பும் மானமும் அன்றோடு போச்சு.

இந்தப் பக்கத்து மில் ஒன்றில் சில வருஷங்களுக்கு முன் போனஸ் போராட்டம். வேலைநிறுத்தத் தேதி நிர்வாகத்துக்கு முன்கூட்டியே தெரிந்துவிட்டது. ரிங் பிரேமில் சைடு பார்க்கிற தோழர் ஒருவர்தான் சொல்லியிருப்பார் என்று பேச்சுக் கிளம்பியது. என்ன ஆதாரம்? மானேஜர் அவரிடம் சிரித்துப் பேசினாராம். அவருடைய மைத்துனர் ஆபீசில் வேலை பார்க்கிறாராம். அன்றைக்கு ராத்திரியே அவரைச் சங்கத்திலிருந்து நீக்க வேண்டும் என்று பத்துப் பதினைந்து பேர் கூச்சல் போட்டார்கள்.

கமிட்டி அதற்கு ஒப்பவில்லை. புகாரை எழுதிக் கொடுங்கள் என்றது. எழுதச் சொன்னதும் பதினைந்து பேர் மூன்று பேராகக் குறைந்தார்கள். அந்த மூவரையும் அந்தத் தோழரையும் நேருக்கு நேர் உட்கார வைத்தார்கள். முன்னின்று புகார் சொன்னவர் கமிட்டி அங்கத்தினர் என்பதால் அவர் அன்று தீர்ப்பில் கலந்துகொள்ளக்கூடாது என்று முடிவாயிற்று. யார் பார்த்தது, என்றைக்கு, எந்த ஷிப்டில் என்று கேட்கக் கேட்க ஒன்றும் நிற்கவில்லை. அச்சுக்குப் போன துண்டறிக்கையின் கைப்பிரதி டீக்கடையில் இரண்டு நாள் கிடந்தது என்பது மூன்றாம் நாள்தான் தெரிந்தது. யார் வேண்டுமானாலும் படித்திருக்கலாம்.

அந்த மூன்று நாளும் அவர் வீட்டுக்கு யாரும் போகவில்லை, அவர் சம்சாரத்தோடு குழாயடியில் யாரும் பேசவில்லை. வேலைநிறுத்தத்தின்போது அவர்தான் பதினோரு நாளும் கேட்டில் நின்றார். புகார் வந்தால் எழுத்தில் வாங்குவது, சம்பந்தப்பட்டவரை வைத்துக்கொண்டே விசாரிப்பது, புகார் சொன்னவர் தீர்ப்புச் சொல்லாமல் இருப்பது, தீர்ப்புப் பிடிக்காவிட்டால் மேல் கமிட்டிக்குப் போக வழிவிடுவது என்று அந்தச் சங்கம் பிறகு மினிட் புத்தகத்தில் எழுதி வைத்தது. அதைக் கொண்டுவந்திருக்கிறோம், வகுப்பு முடிந்ததும் கிளைக் காரியதரிசிகள் பார்த்து எழுதிக்கொள்ளலாம். தேநீர் வந்துவிட்டது. குடித்துவிட்டுக் கேள்விகளுக்குப் போவோம்.